அம்மா மாதிரி

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை மதியம், மகளுக்குப் பியானோ சொல்லித்தரும் டீச்சர் எங்களை ஒரு பழைய ஜப்பானியப் படத்துக்குக் கூப்பிட்டிருந்தார். ஊமைப்படம். ஊர் லைப்ரரியின் பின்பக்க ஹாலில் திரை கட்டி, ஓரமாகப் பியானோவைத் தள்ளி வைத்து, படம் ஓட ஓட அவரே வாசிப்பதாக ஏற்பாடு.

கதை என்று பெரிதாக ஒன்றுமில்லை. வசதியான ஒரு வீடு. கணவன், மனைவி, இரண்டு வேலைக்காரப் பெண்கள். கணவனும் மனைவியும் முகம் பார்த்துப் பேசிக்கொள்வதில்லை. யாராவது முக்கியமாக ஏதாவது சொன்னால் கருப்பு அட்டையில் எழுத்து வரும், அடியில் இங்கிலீஷ் வரும். வேலைக்காரப் பெண்கள் பேசும்போது மட்டும் அட்டை வரவே இல்லை. உதடு அசைந்துகொண்டே இருந்தது. அவர்கள் என்ன பேசினால் என்ன என்று படம் எடுத்தவர் விட்டுவிட்டார் போலிருக்கிறது.

பாதிப் படத்தில் எஜமானி வெளியே கிளம்பிப் போகிறாள். கதவு சாத்தியதும் சின்ன வேலைக்காரி அவளுடைய சால்வையை எடுத்துப் போர்த்திக்கொண்டு, தாடையைத் தூக்கி, அவளைப் போலவே அறையின் குறுக்கே நடக்கிறாள். பெரியவள் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்குகிறாள். ஹால் முழுக்கச் சிரித்தது. என் மகளும் சிரித்தாள். நான் எழுந்து வெளியே போய், தண்ணீர்க் குழாய்ப் பக்கம் சுவரைப் பார்த்து நின்றேன்.

திரும்பி வரும்போது காரில், "வை டிட் யூ லீவ், மா?" என்றாள் மகள்.

"தலைவலிடி."

அவளுக்கு இப்போது பதினொரு வயது. அவளுக்கு எதுவும் ஞாபகமில்லை. எனக்கு இருக்கிறது.

அவளுக்கு இரண்டு வயது முடிந்தபோது எங்கள் வீட்டுக்கு ஒரு ஆன்ட்டி வந்தார்கள். நாங்கள் கலிஃபோர்னியாவில், சான் ரமோனில் அந்த வீட்டை வாங்கி ஒரு வருஷம் ஆகியிருந்தது. கணவருக்கு மில்பிடாஸில் ஆபீஸ். எனக்கு இன்னும் தள்ளி. 680 ஃப்ரீவேயில் காலையில் ஒரு மணி நேரம், சாயங்காலம் ஒன்றரை மணி நேரம். டேகேருக்கு அனுப்பினால் குழந்தைக்கு வாரம் தவறாமல் ஜுரம். கடைசியில் வாட்ஸ்அப் குரூப்பில், வீட்டோடு தங்கிப் பார்த்துக்கொள்ள நல்ல ஆன்ட்டி யாராவது இருந்தால் சொல்லுங்கள் என்று போட்டேன். மறுநாளே ஒரு ஆண்குரல் கூப்பிட்டது. "எங்கம்மாதாங்க. சும்மா வீட்டுலதான் இருக்காங்க. அவங்களுக்கும் பொழுது போகணும்ல."

அறுபத்திரண்டு வயது. கோபிச்செட்டிபாளையம் பக்கம். புருஷன் போனபிறகு மகன் ஸ்பான்சர் பண்ணி, கிரீன் கார்டு வாங்கிக் கூட்டிவந்திருக்கிறான். வந்த எட்டாம் மாதம் மருமகளின் அப்பா அம்மா ஊரிலிருந்து வந்து அந்த அறையில் தங்க, இந்த அம்மா ஹாலில் படுத்திருக்கிறார்கள். இதெல்லாம் பிற்பாடு துண்டு துண்டாகத் தெரிந்தது. அன்றைக்கு மகன் காரிலிருந்து இரண்டு பையை இறக்கி வைத்தான். "அம்மா நல்லா சமைப்பாங்க" என்றான். இன்ஜினை நிறுத்தாமலே போய்விட்டான்.

கீழே லாண்டிரி ரூமை ஒட்டி ஒரு சின்ன அறை. அதைக் கொடுத்தோம். முதல் நாளே நான் விதிகளைத் தமிழில் பிரின்ட் எடுத்து ஃபிரிட்ஜில் ஒட்டினேன். குழந்தை விழித்திருக்கும்போது போன் பேசக்கூடாது. டிவி கூடாது. அவர்கள் துணியை ஞாயிற்றுக்கிழமை தனியாகப் போட்டுக்கொள்ள வேண்டும். சோஃபாவில் உட்காரக்கூடாது என்று நான் எழுதவில்லை. முதல் வாரம் அவர்கள் உட்கார்ந்தபோது நான் பார்த்த பார்வையிலேயே எழுந்துவிட்டார்கள். அதற்குப் பிறகு தரையில்தான்.

கேமராவையும் காட்டினேன். ஹாலில் ஒன்று, சமையலறையில் ஃபிரிட்ஜுக்கு மேலே ஒன்று. "பாப்பா சேஃப்டிக்காகத்தான் ஆன்ட்டி. வேற ஒண்ணும் நினைக்காதீங்க."

"வெச்சுக்குங்க அம்மிணி. நல்லதுதானுங்க" என்றார்கள்.

அம்மிணி என்பது அவர்கள் ஊரில் சின்னப் பெண்களைப் பிரியமாகக் கூப்பிடுவது. அது எனக்குத் தெரியும். தெரிந்தும், ஒருநாள் என் டீம்மேட் வீட்டுக்கு வந்திருந்தபோது, "அம்மிணி, காபி ஆறிப் போச்சுங்க" என்று அவர்கள் சொன்னது எனக்குச் சுருக்கென்றது. அன்று சாயங்காலமே சொல்லிவிட்டேன், என்னை மேடம் என்று கூப்பிடச் சொல்லி. ஒரு விநாடி பார்த்தார்கள். "சரிங்க மேடம்." அதற்குப் பிறகு ஒருநாளும் தவறவில்லை.

எங்கள் வீட்டில் அப்போது பேச்சு ரொம்பக் குறைவு. நானும் கணவரும் மாடியும் கீழுமாக இருந்துகொண்டே மெசேஜ் அனுப்பிக்கொள்வோம். பால் வாங்கணும். ஓகே. டாக்டர் அப்பாயின்ட்மென்ட் யார்? நீ. சண்டை என்று சொல்ல முடியாது. சண்டை போடவும் வாய் திறக்க வேண்டுமே. அந்த வீட்டில் பகல் முழுக்கப் பேசிக்கொண்டிருந்தது இரண்டே பேர், குழந்தையும் ஆன்ட்டியும். குழந்தைக்கு ஆன்ட்டி என்று வராது. 'ஆட்டி' என்பாள். எட்டு மாதத்தில் அவள் முழு வாக்கியமாகத் தமிழ் பேசினாள், அதுவும் கோபித் தமிழ். "ஆட்டி, எனக்குப் போதுமுங்க." வீடியோ காலில் என் அம்மாவுக்கு அது பிடிக்கவில்லை. "என்னடி, யார் வீட்டுக் குழந்தை மாதிரியோ பேசுது?"

ஆபீஸில் நான் கேமராவைப் பார்ப்பது வழக்கம். பக்கத்தில் ஆட்கள் இருப்பதால் சத்தத்தை அணைத்துவிட்டுத்தான். மீட்டிங்குக்கும் மீட்டிங்குக்கும் நடுவே போனை மடியில் வைத்துக்கொண்டு இரண்டு நிமிஷம். குழந்தை விளையாடும். ஆன்ட்டி கீரை ஆய்வார்கள். என்னமோ பேசுவார்கள். குழந்தை என்னமோ சொல்லும். நான் மானிட்டருக்குத் திரும்பிவிடுவேன்.

பிப்ரவரியில் ஒருநாள், பதினொரு மணி இருக்கும். திறந்து பார்த்தால் குழந்தை ஹை சேரில் உட்கார்ந்திருக்கிறாள். முன்னால் கிண்ணம். ஆன்ட்டி சமையலறை நடுவே நிற்கிறார்கள். முந்தானையை இழுத்துத் தோளில் பை மாதிரி மாட்டிக்கொண்டு, டிவி ரிமோட்டைக் காதில் வைத்துக்கொண்டு நடக்கிறார்கள். குதிகால் தரையில் இடிக்கிற நடை. ஃபிரிட்ஜைத் திறக்கிறார்கள். உள்ளே பார்க்கிறார்கள். நெஞ்சு முழுக்கத் தூக்கி ஒரு பெருமூச்சு. இரண்டு விரலால் நெற்றியைக் கிள்ளிக்கொண்டு கண்ணை மூடுகிறார்கள். பிறகு ஆள்காட்டி விரலை நீட்டி, ஸிங்க் பக்கம் யாருமில்லாத இடத்தைப் பார்த்து ஆட்டி ஆட்டித் திட்டுகிறார்கள். உடனே ஓடி, அந்த இடத்தில் தானே போய் நின்று, தலையைக் குனிந்து, கையைக் கட்டிக்கொண்டு, சரிங்க சரிங்க என்று தலையாட்டுகிறார்கள். மறுபடி இந்தப் பக்கம் ஓடிவந்து விரல்.

என் மகள் சிரிக்கிறாள். வாயிலிருந்த சோறு வெளியே வந்து விழ, பெல்ட்டுக்குள் துள்ளித் துள்ளிச் சிரிக்கிறாள். சிரிக்கிற வாய்க்குள் ஆன்ட்டி அடுத்த வாய்ச் சோற்றை வைக்கிறார்கள்.

யாரை என்று எனக்கு யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை. எனக்கு அப்படி ஒரு நடை இருப்பது அதுவரை தெரியாது. ஆனால் பார்த்த மறுகணமே தெரிந்துவிட்டது. கேலி செய்தது அவ்வளவாக வலிக்கவில்லை என்று இன்று சொல்லலாம். என்னைப் பார்த்துக் குழந்தை ஒருநாளும் அப்படிச் சிரித்ததில்லை. அதுதான்.

அந்த நாலு நிமிஷத்தை சேவ் பண்ணி வைத்தேன். ராத்திரிச் சாப்பாட்டின்போது கணவருக்குக் காட்டினேன். அவர் வாய்விட்டுச் சிரித்துவிட்டார். "ஐயோ, அப்படியே நீதான்! அந்த மூச்சு!" என் முகத்தைப் பார்த்துச் சிரிப்பை நிறுத்தினார். "சரி, விடு. வயசானவங்க. சும்மா விளையாட்டுக்கு."

நான் விடவில்லை. ஆனால் ஒன்றும் சொல்லவும் இல்லை. அடுத்த மூன்று வாரம் ஆன்ட்டியிடம் எப்போதையும்விட நன்றாக நடந்துகொண்டேன். மில்பிடாஸ் கடையிலிருந்து அவர்களுக்கென்று அரிசி முறுக்கு வாங்கிவந்தேன். முட்டி வலிக்கு ஹீட்டிங் பேட் வாங்கிக் கொடுத்தேன். "மேடத்துக்குத் தங்கமான மனசுங்க" என்று மகனிடம் போனில் சொன்னது என் காதில் விழுந்தது. வீட்டில் நான் நடக்கும்போது குதிகாலைத் தூக்கி நடந்தேன். நெற்றிக்குக் கை போகாமலிருக்கப் பேன்ட் பாக்கெட்டில் கையை விட்டுக்கொண்டேன். என் வீட்டுச் சமையலறையில் என் உடம்பை எப்படி வைத்துக்கொள்வதென்றே எனக்குத் தெரியவில்லை. ஒவ்வொரு நாளும் அதற்கும் சேர்த்து வன்மம் ஏறியது.

மார்ச்சில் குழந்தையின் மூன்றாவது பிறந்தநாள். நாலு குடும்பங்கள் வந்திருந்தன. சாப்பாடு வெளியே சொல்லியிருந்தோம். வடை மட்டும் சூடாக வீட்டில் போடட்டும் என்று ஆன்ட்டியிடம் சொல்லியிருந்தேன். அவர்கள் மகன் குடும்பத்தைக் கூப்பிடலாமா என்று கணவர் கேட்டதற்கு, எதுக்கு, என்று கேட்டேன். கூப்பிடவில்லை.

எல்லோரும் ஹாலில் உட்கார்ந்திருந்தார்கள். ஆன்ட்டி தட்டு நிறைய வடையோடு வந்தார்கள். புதுப் புடவை, மகன் தீபாவளிக்கு எடுத்துக் கொடுத்தது. ஒரு பெண், "ஆன்ட்டி, வடை செம்ம. எங்க வீட்டுக்கு வந்துடுறீங்களா?" என்றாள். எல்லோரும் சிரித்தார்கள்.

"வடை மட்டுமில்ல, ஆன்ட்டி நல்லா ஆக்டிங்கும் பண்ணுவாங்க" என்றேன் நான்.

"அப்படியா!"

"இருங்க, காட்டறேன்." போனை எடுத்து டிவியில் போட்டேன்.

பெரிய டிவி அது. சுவர் அகலத்துக்கு எங்கள் சமையலறை வந்தது. சத்தமில்லாமல், முந்தானையைத் தோளில் மாட்டிக்கொண்டு, ஆன்ட்டி நடந்தார்கள். முதல் விநாடி யாருக்கும் புரியவில்லை. பெருமூச்சு வந்ததும் ஒரு நண்பர் தொடையில் தட்டிச் சிரித்தார். பிறகு விரல் வந்தது. எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நானும் சிரித்துக்கொண்டிருந்தேன். அதனால் அவர்களும் சிரித்தார்கள். ஆன்ட்டி டிவிக்கும் எனக்கும் நடுவே தட்டோடு நின்றார்கள். அவர்கள் முதுகுதான் எனக்குத் தெரிந்தது. தட்டில் ஒரு வடை உருண்டு கீழே விழுந்தது. குனிந்து எடுக்கவில்லை.

படம் முடிந்தது.

"ஆன்ட்டி, எங்களுக்கும் ஒருதரம் பண்ணிக் காட்டுங்க" என்றேன். "நேர்ல."

"வேண்டாமுங்க மேடம்."

"ஏன் வேண்டாம்? நான் இல்லாதப்போ பண்ணுவீங்க. நான் இருக்கும்போது பண்ண மாட்டீங்களா?"

"சும்மா குழந்தைக்குப் பண்ணுனதுங்க. மன்னிச்சுக்குங்க."

"மன்னிப்பெல்லாம் எதுக்கு? ஜாலிக்குத்தானே. பண்ணுங்க."

கணவர், "ஏய், போதும்," என்றார் மெதுவாக. அதற்குள் குழந்தை தரையிலிருந்து எழுந்து கைதட்டியது. "ஆட்டி, அம்மா மாதிரி பண்ணு! அம்மா மாதிரி!"

ஆன்ட்டி குழந்தையைப் பார்த்தார்கள். தட்டை டேபிளில் வைத்தார்கள். முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டார்கள். டைனிங் நாற்காலி ஒன்றை இழுத்து ஹால் நடுவே போட்டு அதில் உட்கார்ந்தார்கள். இரண்டு கையையும் முன்னால் நீட்டி எதையோ பிடித்துக்கொண்டார்கள். ஸ்டியரிங்.

அப்படியே இருந்தார்கள். அசையவில்லை. கண் நேரே சுவரைப் பார்த்தது. கொஞ்ச நேரம் கழித்துத் தலையை ஸ்டியரிங்கில் சாய்த்தார்கள். நிமிர்ந்தார்கள். போனைப் பார்த்தார்கள், வைத்தார்கள். வீட்டுக் கதவு இருக்கும் பக்கம் ஒருமுறை திரும்பிப் பார்த்துவிட்டு, மறுபடி சுவர்.

காமெடி எப்போது வரும் என்று எல்லோரும் சிரித்த முகத்தோடு காத்திருந்தார்கள்.

எனக்கு மட்டும் தெரியும். தினமும் ஆறரைக்கு நான் கராஜில் காரை நிறுத்துவேன். ஷட்டர் இறங்கும். உள்ளே போகும் கதவு நாலடி தூரம். நான் இருபது நிமிஷம், சில நாள் அரை மணி, காரிலேயே உட்கார்ந்திருப்பேன். உள்ளே குழந்தை இருக்கிறது, போகவேண்டும் என்று தெரியும். போகப் பிடிக்காது. ஏன் என்று கேட்டால் இன்றைக்கும் எனக்குப் பதில் தெரியாது. அது கணவருக்குக் கூடத் தெரியாது, கராஜில் கேமரா இல்லை. ஆனால் ஷட்டர் சத்தம் கேட்டதும் எனக்குச் சாப்பாடு சூடு பண்ணுகிறவர் ஒருவர் இருந்தார். சூடு பண்ணி, நான் வராமல், அது ஆறி, மறுபடி சூடு பண்ணி. கதவுக்கு அந்தப்பக்கம் குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு, இடுக்கு வழியாகப் பார்த்தபடி அவர்கள் நின்றிருப்பார்கள் என்பது அந்த நிமிஷம்தான் எனக்கு உறைத்தது.

ஆன்ட்டி நாற்காலியிலிருந்து எழுந்தார்கள். இரண்டு கையாலும் முகத்தை மேலிருந்து கீழே துடைத்தார்கள். இல்லாத கதவைத் திறந்து, முகமெல்லாம் சிரிப்பாக, கையை விரித்து, என் குரலில், அச்சாக என் குரலில், "என் தங்கமே! அம்மாவைத் தேடினியா?" என்றார்கள்.

குழந்தை ஓடிப்போய் அவர்கள் காலைக் கட்டிக்கொண்டது.

ஒரு பெண் மட்டும் கைதட்டினாள். "சூப்பர் ஆன்ட்டி." வேறு யாரும் தட்டவில்லை. கணவர் எழுந்து பின்கதவைத் திறந்துகொண்டு வெளியே போனார்.

"வடை ஆறுதுங்க, எடுத்துக்குங்க," என்று பொதுவாகச் சொல்லிவிட்டு ஆன்ட்டி சமையலறைக்குப் போனார்கள். நான் கேக் வெட்டக் கூப்பிட்டேன்.

மறுநாள் காலையில் நானே மகனுக்குப் போன் செய்தேன், அவர்கள் முன்னாலேயே, ஸ்பீக்கரில் போட்டு. "உங்கம்மாவைக் கூட்டிட்டுப் போயிடுங்க. செட் ஆகல."

"ஐயோ, என்னாச்சுங்க? ஏதாவது தப்பு பண்ணிட்டாங்களா? இன்னும் ஒரு மாசம் மட்டும் வெச்சுக்கங்களேன் ப்ளீஸ். ஒய்ஃபோட பேரன்ட்ஸ் இங்க இருக்காங்க. எடமே இல்லைங்க."

ஆன்ட்டி ஸிங்க் பக்கம் நின்று கேட்டுக்கொண்டிருந்தார்கள். அம்மாவும் கேட்கிறார்கள் என்று நான் அவனுக்குச் சொல்லவில்லை. "அதெல்லாம் எனக்குத் தெரியாது. இந்த வாரத்துக்குள்ள" என்றேன்.

போனை வைத்ததும் அவர்கள் சொன்னார்கள்: "மேடம், நான் உங்களக் கிண்டல் பண்ணோணும்னு பண்ணுலீங்க. பதினோரு மணியானா பாப்பா அம்மா வேணும், அம்மா வேணும்னு அழுவும். ஒரு வா சோறு உள்ள போவாது. அதான், இதா பாரு அம்மா வந்துட்டாங்கன்னு… உங்களாட்டம் நடந்து காட்டுனா சிரிச்சுட்டுத் திங்கும்."

"வாய் தெறக்க வைக்க, திட்டற அம்மாதான் கெடைச்சாளா?"

அவர்கள் ஸிங்க் பக்கம் திரும்பிக் குழாயைத் திறந்தார்கள். அவர்கள் சொன்னதை நான் நம்பவில்லை. இப்போதும் பாதிதான் நம்புகிறேன். அந்த விரலில் கேலி இருந்தது, கோபமும் இருந்தது, இருக்க நியாயமும் இருந்தது. ஆனால் குழந்தை அழுதது என்பதும் பொய்யில்லை. பழைய பதிவுகளைப் பிறகு தோண்டிப் பார்த்தேன். பதினொரு மணிக்கு அழுதாள். பல நாள், கதவைப் பார்த்து அழுதாள்.

மூன்றாம் நாள் மகன் கூப்பிட்டான். டெக்சஸில், டாலஸ் பக்கம் பிளானோவில், தெரிந்த குடும்பம் ஒன்றில் ஆள் கேட்கிறார்கள், இரட்டைக் குழந்தை, ஃப்ளைட் டிக்கெட் அவர்களே போடுகிறார்கள். "வெள்ளிக்கிழமை எனக்கு ஆபீஸ்ல ரிலீஸ் இருக்குங்க. ஏர்போர்ட்ல மட்டும் நீங்க டிராப் பண்ணிட முடியுமா?"

வெள்ளிக்கிழமை குழந்தையை மறுபடி சேர்த்த டேகேரில் காலையிலேயே கொண்டுபோய் விட்டுவிட்டேன். அவளிடம் ஒன்றும் சொல்லவில்லை. ஆன்ட்டி தூங்குகிறார்கள் என்றேன். ஆன்ட்டி தூங்கவில்லை. அறைக்குள் இருக்கும்படி நான் சொல்லியிருந்தேன்.

காரில் அதே இரண்டு பை. மடியில் ஒரு காகிதம், என் கையெழுத்தில். எனக்கு இங்கிலீஷ் தெரியாது, டாலஸ் போகிறேன், உதவுங்கள் என்று இங்கிலீஷில் எழுதிக் கொடுத்திருந்தேன். அதை நாலாக மடிப்பதும் பிரிப்பதுமாக வந்தார்கள். தெருமுனை திரும்பியதும் கேட்டார்கள்.

"மேடம், பாப்பா பள்ளிக்கூடம் இந்த வழிதானுங்களே. ஒருக்கா பாத்துட்டுப் போயரட்டுங்களா? உள்ளகூட வேண்டாமுங்க. கண்ணாடி வழியா எட்டிப் பாத்துக்கறனுங்க."

"டைம் இல்ல ஆன்ட்டி."

டைம் இருந்தது. ஏர்போர்ட்டில் அவர்கள் இரண்டரை மணி நேரம் தனியாக உட்கார்ந்திருக்க வேண்டிய அளவுக்கு இருந்தது. டேகேர் வாசல் வழியாகத்தான் போனோம். அது எந்தக் கட்டடம் என்று அவர்களுக்குத் தெரியாது. ரெண்டு பக்கமும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டே வந்தார்கள். நான் கை காட்டவில்லை.

ஏர்போர்ட்டில் வீல்சேர்க்காரர் வந்தார். உட்காரும்போது புடவைக் கொசுவத்தை ஒதுக்கிக்கொண்டு, "பாப்பாவுக்குக் கருவேப்பிலை எடுத்துட்டுக் குடுங்க, நாக்குல பட்டாத் துப்பிரும்" என்றார்கள். சக்கரம் உருண்டது. நான் பார்க்கிங்குக்கு நடந்தேன்.

அன்று சாயங்காலம் குழந்தை நேராக லாண்டிரி ரூம் பக்கத்து அறைக்குப் போனாள். கட்டிலுக்குக் கீழே பார்த்தாள். குளோசெட்டில் பார்த்தாள். "ஆட்டி எங்க?"

"ஊருக்குப் போயிட்டாங்க."

"எப்ப வருவாங்க?"

"வருவாங்க."

ஒரு வாரம் சரியாகச் சாப்பிடவில்லை. நான் லீவு போட்டு வீட்டிலிருந்தேன். கருவேப்பிலை எடுத்துவிட்டுத்தான் பிசைந்தேன். ஒருநாள் ஹை சேரில் உதட்டை இறுக்கிக்கொண்டு என்னையே பார்த்திருந்தவள் சொன்னாள்: "அம்மா, அம்மா மாதிரி பண்ணு."

கிண்ணத்தோடு நின்றேன்.

"பண்ணு. அம்மா மாதிரி."

நான் ரிமோட்டை எடுத்துக் காதில் வைத்துக்கொண்டு நடந்தேன். குதிகாலை இடித்து நடந்தேன். ஃபிரிட்ஜைத் திறந்து மூச்சு விட்டேன். நெற்றியைக் கிள்ளினேன். அவள் சிரிக்கவில்லை. கவனமாக, பரீட்சை வைக்கிறவளைப் போலப் பார்த்தாள்.

"அப்படி இல்ல" என்றாள்.

மூன்றாவது வாரத்தில் கேட்பதை நிறுத்தினாள். கோடை வருவதற்குள் 'போதுமுங்க' போயிற்று. அடுத்த வருஷம் நான் தமிழில் கேட்டால் இங்கிலீஷில் பதில் சொன்னாள். கணவருக்கும் எனக்கும் பேச்சு முன்னைவிடக் குறைந்தது. அவர் அந்தப் பிறந்தநாளைப் பற்றி ஒருவார்த்தை கேட்கவில்லை. ஒருநாள் சாயங்காலம் நான் கராஜில் காரை நிறுத்தியதும் உள்கதவைத் திறந்துகொண்டு அவர் வந்து நின்று என்னைப் பார்த்தார். பிறகு கதவைச் சாத்திக்கொண்டு உள்ளே போய்விட்டார்.

இரண்டரை வருஷம் கழித்து ஆபீஸ் வேலையாக மூன்று நாள் பிளானோ போனேன். ஆன்ட்டியின் மகனுக்கு மெசேஜ் அனுப்பி அட்ரஸ் கேட்டேன். எதற்கு என்று அவன் கேட்கவில்லை. அனுப்பினான். போகும்போது என்ன சொல்வது என்று டோல் ரோடு முழுக்க யோசித்துக்கொண்டே போனேன். மன்னித்துவிடுங்கள் என்பதற்கு முன்னால் என்ன, பின்னால் என்ன.

கதவைத் திறந்தது அந்த வீட்டுப் பெண், என் வயதுதான். "வாங்க வாங்க, ஆன்ட்டி முன்னாடி உங்க வீட்டுலதானே இருந்தாங்க" என்று சோஃபாவில் உட்கார வைத்தாள். இரட்டைக் குழந்தைகள் ஆளுக்கொரு ஐபேடோடு தரையில் கிடந்தார்கள். ஆன்ட்டி காபி கொண்டுவந்தார்கள். மெலிந்திருந்தார்கள். தலைமுடியைக் குட்டையாக வெட்டியிருந்தார்கள், யார் வெட்டிவிட்டார்களோ.

"நல்லா இருக்கீங்களா ஆன்ட்டி?"

"இருக்கறனுங்க." டம்ளரை நீட்டினார்கள். "சக்கரை பாத்துக்குங்க."

என் முகத்தைப் பார்த்துத்தான் சொன்னார்கள். அதில் கோபம் தெரியவில்லை. ஒன்றுமே தெரியவில்லை. நான் அவசரமாகப் போனை எடுத்து மகளின் படத்தைக் காட்டினேன், கிண்டர்கார்டன் முதல் நாள், முன்பல் விழுந்த சிரிப்பு. ஆன்ட்டி முந்தானையில் கையைத் துடைத்துக்கொண்டு போனை வாங்கி, கண்ணுக்குப் பக்கத்தில் வைத்து வெகுநேரம் பார்த்தார்கள். பிறகு திருப்பிக் கொடுத்தார்கள்.

"லட்சணமா இருக்குதுங்க. இது யாருங்க?"

நான் வாயைத் திறப்பதற்குள் குக்கர் விசில் அடித்தது. அவர்கள் உள்ளே போய்விட்டார்கள். நிஜமாகவே மறந்துவிட்டார்களா, அல்லது அவ்வளவு நன்றாக நடிக்கத் தெரிந்தவர்கள் எனக்கு மட்டும் அதை நடித்துக் காட்டினார்களா? என்னால் சொல்ல முடியவில்லை.

அந்த வீட்டுப் பெண் என் பக்கம் சாய்ந்து குரலைத் தாழ்த்தினாள். "தப்பா நினைக்காதீங்க. கொஞ்ச நாளாவே அடுப்பை ஆஃப் பண்ண மறந்துடறாங்க. போன வாரம் ஒரே நாள்ல ரெண்டு தடவை சோறு வச்சாங்க. குழந்தைங்க இருக்கற வீடு, பயமா இருக்கு. பையன்கிட்ட சொன்னா அவர் போனே எடுக்கறதில்ல. உங்களுக்குத் தெரிஞ்சு வேற நல்ல ஆன்ட்டி யாராவது இருந்தாச் சொல்லுங்களேன்."

காபி நன்றாக இருந்தது. குடித்து முடித்து, டம்ளரைக் கீழே வைத்தேன்.

"பாத்துச் சொல்றேன்" என்றேன்.